தாய் எழுதிய மடலும் மகள் படித்த குரலும்

அரபு இலக்கணம் ஓதப் புகும் மாணவனுக்கு, 'அன' என்றால் 'நான்' என்று பொருள் சொன்னதோடு உஸ்தாத் நிறுத்திக்கொள்வதில்லை. அச்சொல் 'ளமீர்' என்னும் இனத்தைச் சேர்ந்தது என்பார். ளமீர் என்பதற்கு உள்ளே மறைந்திருப்பது என்றும் ஒரு பொருள் உண்டு. மனச்சான்றையும் அரபிகள் அச்சொல்லாலேயே குறிப்பர். அடுத்தபடியாக, பேசுபவர் 'முதகல்லிம்', பேச்சைக் கேட்பவர் 'முகாதப்', இவ்விரண்டிலும் சேராதவர் 'காயிப்' என்று பிரித்துக் காட்டுவார். நம் தமிழிலக்கணம் இவற்றையே தன்மை, முன்னிலை, படர்க்கை என்கிறது. படர்க்கை என்னும் சொல்லைக் காட்டிலும் காயிப் என்னும் சொல் சற்றுக் கடுமையானது. 'இங்கே இல்லாதவர்' என்பதே அதன் பொருள். பக்கத்து அறையில் உட்கார்ந்திருந்தாலும், பேச்சில் சேராதவரை இலக்கணம் இல்லாதவராகவே கணக்கிடுகிறது.

இப்பீடிகை, பதினைந்து நிமிடங்களே ஓடும் ஒரு வீடியோப் படத்தைப் பற்றிப் பேசுவதற்காக. 'மெஷர்ஸ் ஆஃப் டிஸ்டன்ஸ்' என்பது அதன் ஆங்கிலப் பெயர்; 'தொலைவின் அளவுகள்' எனலாம். 1988-ஆம் ஆண்டு அதனை உருவாக்கியவர் மோனா ஹாத்தூம் என்னும் பலஸ்தீனப் பெண்மணி. 'மோனா' என்று ஐரோப்பியர் வழங்கும் பெயர் அரபியில் 'முனா'. 'முன்யா' என்பதன் பன்மை. விருப்பங்கள், நம்பிக்கைகள் என்று பொருள்படும்.

அவருடைய பெற்றோர் ஹைஃபா நகரத்தவர். 1948-இல் பலஸ்தீனத்தினின்றும் வெளியேற நேர்ந்து பெய்ரூத்தில் குடியேறிய கிறித்தவக் குடும்பம். மோனா 1952-இல் பெய்ரூத்தில் பிறந்தார். பிறந்த மண் லெபனான் என்றாலும், லெபனானிய அடையாள அட்டைக்கு அவர் உரியவராகவில்லை. 1975-இல் சில நாட்கள் தங்கிவர லண்டன் சென்றிருந்தபோது லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டது. திரும்பும் வழி அடைபட்டது. அங்கேயே தங்கி, பயம் ஷா, ஸ்லேட் என்னும் இரு கலைப் பள்ளிகளிலும் பயின்றார். பெற்றோர் நாடிழந்தனர், மகள் பெற்றோர் இருந்த ஊரையும் இழந்தார். ஒரே வீட்டில் இரண்டு தலைமுறைக்கு இரண்டு ஹிஜ்ரத்.

அவர் தொடக்கத்தில் மேற்கொண்டது 'நிகழ்த்துகலை' எனப்படும் துறை. நாடகத்தைப் போல் கதையும் பாத்திரமும் அதில் கிடையா. கலைஞர் தம் உடலையே கருவியாக்கிப் பிறர் முன்னிலையில் ஒரு செயலைச் செய்து காட்டுவார். செய்து முடிந்ததும் அது முடிந்துபோகும். 1985-இல் லண்டன் பிரிக்ஸ்டன் பகுதித் தெருக்களில் மோனா வெறுங்காலுடன் நடந்தார். கனத்த பூட்ஸ் இரண்டைக் கயிற்றால் தம் கணுக்காலில் கட்டி இழுத்துக்கொண்டே நடந்தார். காவலர்களும், கறுப்பரைத் தாக்கித் திரிந்த மொட்டைத்தலை இளைஞர்களும் அணிந்த வகைப் பூட்ஸ் அது. 1981-இல் காவலர்க்கும் கறுப்பின மக்களுக்கும் பெருங்கலவரம் நடந்த பகுதி அது. ஆளின்றியே பின்தொடரும் அந்தப் பூட்ஸ் எதைச் சுட்டுகிறது என்று அத்தெருவாசிகளுக்கு எவரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. கலைக்கூடத்துக் கனவான்களை விடச் சந்தைக்கு வந்த மக்களே அதனை விரைவில் விளங்கிக்கொள்ளக் கூடியவர்கள்.

அதற்கு முன், 1983-இல், ஒரு பெண்ணின் முகம் மட்டும் தோன்றும் வீடியோ ஒன்றை ஆக்கினார். ஆடவனின் கைகள் மீண்டும் மீண்டும் அவள் வாயைப் பொத்துகின்றன. 'சொல்ல எவ்வளவோ உண்டு' என்னும் கருத்துடைய ஒரே தொடர் திரும்பத் திரும்ப ஒலிக்கிறது. சொல்ல உண்டு என்பது மட்டுமே சொல்லப்படுகிறது. சொல்ல வேண்டியது இன்னதென்று நமக்குத் தெரிவதில்லை. இவ்வகை ஆக்கங்களில் நமக்கு முழு நிறைவு இல்லை. வாய் பொத்தப்பட்டது என்று அறிவிப்பது எளிது. கை விலகியபின் அந்த வாய் என்ன பேசும் என்பதல்லவா கடினமான வினா? ஐந்தாண்டுகள் கழித்து மோனா அதற்கு விடை தந்தார். பேசியது அவர் வாயன்று. அவருடைய அன்னையின் வாய்.

1981-இல் பெய்ரூத் சென்று பெற்றோரைக் கண்டபோது, மோனா தம் அன்னையுடன் நெடுநேரம் உரையாடி அதனை ஒலிநாடாவில் பதிவு செய்துகொண்டார். அன்னை குளித்துக்கொண்டிருக்கையில் நிழற்படங்களும் எடுத்தார். லண்டன் திரும்பிய பின் அன்னையிடமிருந்து மடல்கள் வந்தன. இம்மூன்றையும் ஒன்றன்மீது ஒன்றாக அடுக்கி ஆக்கியதே இப்படம். அடியில் அன்னையின் நிழற்படங்கள். தொடக்கத்தில் நிறமும் நிழலுமாகத் தோன்றுபவை, சற்று நேரம் சென்றபின் ஓர் உடல் என்று தெரிகின்றன. அவற்றின்மேல் அன்னையின் கையெழுத்து, வலமிருந்து இடமாக, வரிவரியாகத் திரையை நிறைத்து நிற்கிறது. பின்னணியில் தாயும் மகளும் ஷாம் நாட்டுப் பேச்சு வழக்கில் உரையாடிச் சிரிக்கும் ஒலி. அதற்கு மேலே, மகளின் ஏற்ற இறக்கமற்ற குரல், அன்னையின் மடல்களை ஆங்கிலத்தில் படித்துச் செல்கிறது.

வாசகர்கள் முகம் சுளிப்பது நமக்குத் தெரிகிறது. பெற்ற தாயைக் குளியலறையில் படமெடுத்து ஊரறியக் காட்டுவதா? அவ்ரத்தைப் பற்றி மார்க்கம் வகுத்த வரம்பைக் கலை என்ற பெயரால் எவரும் நெகிழ்த்த முடியாது. நாமும் நெகிழ்த்தப் போவதில்லை. அவர்கள் கிறித்தவக் குடும்பத்தவர், அவர்கள் நியதி வேறு என்று சொல்லி ஒதுங்கிக்கொள்ளவும் நாம் விரும்பவில்லை. நாணம் என்பது ஒரு சமயத்தாருக்கு மட்டும் உரிய உடைமையாக அரபு நாட்டில் ஒருநாளும் இருந்ததில்லை. அப்படத்தில் வரும் தந்தையின் சினமே அதற்குச் சான்று. ஆயினும், ஒரு நூலின் முதல் பக்கத்தில் பிழை கண்டவன் மற்றப் பக்கங்களைப் படிக்காமலே தீர்ப்பெழுதினால் அதற்குப் பெயர் விமரிசனமன்று. இது எத்தகைய படைப்பு என்பதை முதலில் காண்போம்.

மேலைநாட்டு விமரிசகர் பலர், அன்னையின் உடல்மீது படர்ந்து நிற்கும் அரபு எழுத்தைத் 'திரை' என்கின்றனர். 'முகத்திரை' என்பாரும் உளர். முள்வேலி என்பாரும் உளர். எழுத்து நம்மையும் அந்த அன்னையையும் பிரித்து நிற்கிறது என்பது அவர்கள் கொள்கை. அவர்களுக்கு அப்படித்தான் தோன்றும். படிக்கத் தெரியாதவனுக்கு எந்த எழுத்தும் வேலிதான். அரபு எழுத்தைக் கண்ட மாத்திரத்தில் முகத்திரையை நினைப்பவர்கள், அந்த அன்னை கிறித்தவப் பெண்மணி என்பதையும், அரபி அவர் வீட்டுமொழி என்பதையும் ஒருகணம் மறந்துவிடுகின்றனர்.

நம் கடற்கரை ஊர்களில் பழைய பெட்டிகளைத் திறந்தால், அரபு எழுத்தில் தமிழ் எழுதிய கடிதங்கள் இன்றும் கிடைக்கக்கூடும். இலங்கைக்கும் பர்மாவுக்கும் மலாயாவுக்கும் சபுர் போன ஆண்களுக்கு வீட்டுப் பெண்கள் அரபுத் தமிழில் எழுதினார்கள். பிள்ளையின் காய்ச்சல், அரிசி விலை, கூரை மாற்ற வேண்டியது, பெண்ணுக்கு வந்த சம்பந்தம் எல்லாம் அலிஃப் பே எழுத்துகளிலேயே பயணம் செய்தன. அந்த எழுத்து நமக்குத் திரையாக இருந்ததில்லை. அடுக்களையிலிருந்து துறைமுகம் வரைக்கும் நீண்ட வழியாக இருந்தது. இப்பழக்கம் உள்ள ஒருவன் மோனாவின் படத்தைக் காண்கையில் அவன் கண் முதலில் செய்யும் வேலை, படிக்க முயல்வது.

இங்கேதான் நமக்கு ஓர் இக்கட்டு நேர்கிறது. எழுத்து உடலின்மேல் நிற்கிறது. பார்வையைத் தாழ்த்திக்கொள் என்று மார்க்கம் கற்பித்த கண், தாழ்ந்தால் மடலைப் படிக்க இயலாது. மடலைப் படிக்கத் துணிந்தால், வரிகளுக்கு இடையே தெரிவதையும் காணாதிருக்க இயலாது. ஆங்கிலேயப் பார்வையாளனுக்கு இத்தொல்லை இல்லை. அவன் படத்தைப் பார்க்கிறான், குரலைக் கேட்கிறான், எழுத்தைக் கோலமாக எண்ணிக் கடந்துபோகிறான். அரபி அறிந்தவனோ, ஒரு தாயின் சொல்லைக் கேட்க விரும்பினால் அவர் மானத்தின் எல்லையில் வந்து நிற்க வேண்டியவனாகிறான். இப்படத்தைக் காணும் மற்றவர் எவரிடமும் கோராத ஒன்றை இது நம்மிடம் கோருகிறது. மோனா இதனைக் கருதிச் செய்தாரா என்பது வேறு. படைத்தவர் கருதாத பொருளும் படைப்பில் இருக்கக்கூடும் என்பது தமிழ் உரையாசிரியர் மரபறிந்தவர்க்குப் புதிய செய்தியன்று.

இனி மடல்களில் உள்ளதைப் பார்ப்போம். அவை பெரிய இலக்கியம் அல்ல. மகளைப் பிரிந்த ஏக்கம், போர்க்காலத்து அன்றாட அச்சம், பலஸ்தீனத்தை விட்டு வந்தபோது தாம் இழந்தது வீடும் பொருளும் மட்டுமன்று, தாம் யார் என்னும் உணர்வும்தான் என்ற வேதனை, பெண்களுக்குள் பேசிக்கொள்ளும் அந்தரங்கம், மகளின் கேள்விகளுக்கு ஒரு தாய் சொல்லும் விடை. குளியலறைப் படங்களைப் பற்றியும் மடலில் வருகிறது. தாயும் மகளும் இருந்த இடத்தில் தந்தை வந்து கண்டுவிட்டார். அவருக்கு மனவருத்தம், நெடுநாள் ஆறவில்லை. தமக்கு மட்டுமே உரிய உடைமைக்குள் மகள் அத்துமீறிப் புகுந்துவிட்டதுபோல் அவர் நடந்துகொள்கிறார் என்று அன்னை எழுதுகிறார். எழுதும் விதத்தில் கோபத்தைவிட வேடிக்கையே மிகுதி.

உடைமை, அத்துமீறல் ஆகிய இரண்டும் அந்தக் குடும்பத்துக்கு வெறும் சொற்கள் அல்ல. ஹைஃபாவில் அவர்களுடைய உடைமைக்குள் பிறர் புகுந்தனர். அவர்கள் வெளியே நின்றனர். எல்லாவற்றையும் இழந்து வந்த ஒரு மனிதர், தமக்கென்று எஞ்சியது இந்தக் குடும்பத்தின் மறைவு மட்டுமே என்று எண்ணியிருக்கலாம். படத்தைப் புகழ்ந்து எழுதியவர்களிற் சிலர் தந்தையை ஆணாதிக்கத்தின் உருவமாக மட்டும் கண்டு தள்ளிவிடுகின்றனர். அது அவசரம். அன்னை தம் உடலைப் பிறர் உடைமையாகக் கருத விடாமல் மீட்டுக்கொள்கிறார் என்பது மெய். அவ்வாறு மீட்கப்படும்போது இன்னொருமுறை இழந்து நிற்கும் ஒருவர் அந்த வீட்டில் இருக்கிறார் என்பதும் மெய். அவர் குரல் படத்தில் இல்லை. அவர் காயிப், பக்கத்து அறையில் இருக்கும் காயிப்.

இப்போது இலக்கணத்துக்கு மீளலாம். மடலில் முதகல்லிம் அன்னை; முகாதப் மகள். மகள் மடலைக் கையில் வைத்துப் படிக்கத் தொடங்கியதும் என்ன நிகழ்கிறது? 'நான்' என்று மகளின் வாய் சொல்கிறது. அந்த நானுக்குப் பொருள் அன்னை. 'நீ' என்று சொல்கிறது. அந்த நீ சொல்பவரேதான். முன்னிலையில் இருந்தவர் தன்மையின் இடத்தில் வந்து நிற்கிறார். ஆயினும் தன்மை அவருடையதாகவில்லை. 'நான் யார்' என்று கேட்கும் கலைஞர் பலர் இந்நூற்றாண்டிலும் சென்ற நூற்றாண்டிலும் கண்ணாடி முன் நின்று தம் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தனர். மோனா இப்படத்தில் தம் முகத்தைக் காட்டவே இல்லை. தாய் 'மகளே' என்று அழைத்த அழைப்பினால்தான் அவர் இன்னார் என்பது நமக்குத் தெரிகிறது. நாட்டு அரசு தராத அடையாள அட்டையை ஒரு தாயின் விளிச்சொல் தருகிறது. இதுவே இப்படத்தின் உயிர்நிலை என்பது நம் கருத்து. உடற்படத்தை அதன் மையமென்று கொள்பவர், வெறுப்பவராயினும் போற்றுபவராயினும், சற்றுத் தள்ளியே குறிபார்க்கின்றனர்.

இதற்கு மறுதலையாக அவருடைய பிற்கால ஆக்கம் ஒன்று உண்டு. 1994-இல், மருத்துவர் பயன்படுத்தும் நுண்ணிய கருவிகொண்டு தம் உடலின் உட்புறத்தையே படமாக்கித் தரையில் ஓடவிட்டார். தொண்டையும் குடலும் சுருங்கி விரிவதை உருளை வடிவான கூண்டுக்குள் நின்று காணலாம். இதைவிட உள்ளே செல்ல ஒரு மனிதரால் இயலாது. ஆனால் அங்கே எந்த முனாவும் இல்லை; எவருடைய குடலும் அப்படித்தான் இருக்கும். அதற்கு அவர் இட்ட பெயர் 'அந்நிய உடல்' என்று பொருள்படுவது. பெயர் பொருத்தமே. எவரும் எவரையும் விளிக்காத இடத்தில் 'நான்' அகப்படுவதில்லை என்பதை அவர் தம் உடலைக் கொண்டே மெய்ப்பித்துவிட்டார். ஆயினும் அதனை இரண்டாம் முறை காணும் ஆவல் நமக்கு எழவில்லை.

1995-இல் அவர் செய்த 'தொழுகை விரிப்பு' நம்மவர் கவனத்துக்குரியது. எட்டி நின்று பார்த்தால் மென்மையான முஸல்லா. குனிந்து பார்த்தால், கூர்முனை மேல்நோக்க நெருக்கமாக நட்ட குண்டூசிகள். நடுவில் ஒரு திசைகாட்டி. எவரும் அதில் நெற்றி வைக்க இயலாது. இதைச் சிலர் மார்க்கத்தின்மீதான ஏளனம் என்பர். நாம் அவ்வாறு கொள்ளவில்லை. திசைகாட்டியின் முள் வடக்கைத்தான் காட்டும், கிப்லாவைக் காட்டாது. வடக்கிலிருந்து கிப்லா எப்புறம் என்று கணிக்க வேண்டுமானால், நாம் நிற்கும் ஊர் எது என்பது முதலில் தெரிந்திருக்க வேண்டும். எந்த ஊரில் நிற்கிறோம் என்று உறுதியாகச் சொல்ல முடியாத அகதிக்குத் திசைகாட்டி கையிலிருந்தும் பயன் குறைவு. இவ்வளவும் அந்தப் பொருளிலிருந்து எழக்கூடிய சிந்தனைதான். எனினும் அது ஒரு சாதுரியம். மடல் தரும் நெஞ்சுருக்கம் அதில் இல்லை. சாதுரியத்தை இக்காலக் கலையுலகம் சற்று அதிகமாகவே மதிக்கிறது.

வீடியோவுக்கு எதிராக நாம் சொல்ல வேண்டிய குறையை இன்னும் சொல்லவில்லை. அது ஆடையைப் பற்றியதன்று, அமானிதத்தைப் பற்றியது. அப்படங்களை உன் கலைக்கு விருப்பம்போல் பயன்படுத்திக்கொள் என்று அன்னை அனுமதி தருகிறார். கூடவே, இதுபற்றி உன் தந்தையிடம் ஒன்றும் சொல்லிவிடாதே என்றும் எழுதுகிறார். அந்த வாசகத்தையும் மகள் படத்தில் படித்துவிடுகிறார். இன்று உலகத்தின் பெரிய கலைக்கூடங்களில் அது ஒலிக்கிறது. படங்களைக் காட்ட அன்னை இசைந்தார், சரி. தந்தைக்கு மறைத்த செய்தியை உலகுக்குச் சொல்லவும் இசைந்தாரா? மடல் என்பது எழுதியவருக்கும் பெறுபவருக்கும் நடுவே உள்ள நம்பிக்கை. அதனைச் சந்தியில் வைத்துப் படிப்பது, உடலைக் காட்டுவதைவிடப் பெரிய திறப்பு. குளியலறையில் ஆடை களைந்தவர் அன்னை. மடலின் உறையைக் களைந்தவர் மகள்.

ஆனால் அந்த ஒரு வாசகத்தை நீக்கிவிட்டுப் படத்தை நினைத்துப் பாருங்கள். தந்தை வெறும் சினம்கொண்ட முதியவராகிவிடுவார். அன்னை வெறும் துணிச்சல்காரியாகிவிடுவார். கணவரை எதிர்த்துப் பேசவும் முடியும், அவர் மனம் நோகாமல் மறைக்கவும் வேண்டும் என்று எண்ணும் மனைவி, மகளின் விருப்பத்துக்கு வளைந்து கொடுக்கும் தாய், இருவரும் ஒருவரே என்பது அந்த வாசகத்தால்தான் நமக்கு விளங்குகிறது. படம் எந்த இடத்தில் குற்றமுடையதோ அதே இடத்தில்தான் உண்மையுடையதாகவும் இருக்கிறது. இரண்டில் ஒன்றைக் கழித்து மற்றதை வைத்துக்கொள்ளும் வழி நமக்குப் புலப்படவில்லை. ஃபத்வா கேட்பவருக்கு நாம் தரும் விடை ஒன்று. இப்படைப்பின் தகுதி யாது என்று கேட்பவருக்குத் தரும் விடை வேறு. முதல்வருக்கு, காட்டியது முறையன்று என்போம். இரண்டாமவருக்கு, இப்படியொரு தாயை நாம் வேறெந்தப் படத்திலும் கண்டதில்லை என்போம்.

படத்தின் முடிவில் திரை இருண்டுவிடுகிறது. உடலும் இல்லை, எழுத்தும் இல்லை. மகளின் குரல் மட்டும் கடைசி மடலைப் படிக்கிறது. அவர்கள் பகுதியின் அஞ்சலகம் குண்டுவெடிப்பில் அழிந்துவிட்டதென்றும், இனிக் கடிதம் அனுப்புவது கடினமாகலாம் என்றும் அன்னை எழுதியிருக்கிறார். சபுர் கடிதத்துக்காகத் திண்ணையில் காத்திருந்த தலைமுறையினர்க்கு அச்செய்தியின் கனம் தெரியும்.

குடும்பத்தோடு கூடியிருந்து காணும் படமாக இதனை நாம் எடுத்துரைக்கவில்லை. ஆங்கிலம் அறிந்த சகோதரிகள், திரையைப் பாராமல் அந்தப் பதினைந்து நிமிடங்களும் குரலை மட்டும் கேட்கலாம். மடலின் பெரும்பகுதி அவர்களுக்குக் கிடைத்துவிடும். கையெழுத்து கிடைக்காது.